மகாராணியின் புறங்கை

அண்ணே,

இன்று காலை களத்தில் உட்கார்ந்து மிளகாய் வத்தலுக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தேன். நெற்றி வியர்வை கண்ணில் இறங்க, கை தானாக எழுந்து புறங்கையால் துடைத்தது. பாழாய்ப்போன கை! நீங்கள் போய்ச் சேர்ந்து ஒரு மாதமாகிறது, இன்னும் உங்கள் ஏச்சு காதில் விழுகிறது.

சுதந்திரம் வந்த மறு வருஷம் முதுகுளத்தூரில் நீங்கள் வாலிபர் நாடக மன்றம் தொடங்கியபோது, மீசை முளைக்காத ஒரே காரணத்துக்காக என்னை மகாராணி ஆக்கினீர்கள். பகலெல்லாம் மிளகாய்க் களம், சாயங்காலம் ஒத்திகை. விரல் பட்டால் கண் எரியும் என்று களத்தில் எல்லோரும் புறங்கையால்தான் முகம் துடைப்போம். அரியணையில் உட்கார்ந்தும் அதையே செய்தேன். "ஏலே, மகாராணி மொகந் தொடைக்கிற லட்சணமா இது? களத்துல இருந்து எந்திரிச்சு வந்தவ மாதிரில்ல இருக்கு," என்பீர்கள். நான் களத்திலிருந்துதானே எழுந்து வந்திருந்தேன்.

நாலு வருஷம் கழித்து சினிமா எடுக்கப் பட்டணம் புறப்பட்டீர்கள். பஸ் படியில் கால் வைத்தபடி, "கடுதாசி போடுறேன், வந்துரு," என்றீர்கள். தகரப்பெட்டியை அடுக்கி வைத்துவிட்டு இரண்டு வருஷம் தபால்காரரை வழிமறித்தேன். ஒன்றும் வரவில்லை. இந்தக் கையால்தான் கெட்டது, நமக்கு நடிப்பு வராது என்று நானே முடிவு கட்டிக்கொண்டேன். வலித்தது அண்ணே, சும்மா சொல்லக் கூடாது.

பிறகு உங்கள் முதல் படம் இராமநாதபுரம் டென்ட் கொட்டகைக்கு வந்தது. அரண்மனை, பட்டுச் சேலை, ராணியாகக் கதாநாயகி. புருஷன் போரில் செத்த செய்தி கேட்டு அவள் அழவில்லை. புறங்கையைத் தூக்கி நெற்றியைத் துடைத்தாள். கொட்டகையே அடங்கிப்போனது. பக்கத்திலிருந்த என் மனைவி, "இது நீங்க தொடைக்கிற மாதிரில்ல இருக்கு?" என்றாள். அந்த ராணி எந்தக் களத்தில் காம்பு கிள்ளினாள்? பிடித்திருந்தால் என்னை ஏன் ஏசினீர்கள்? பிடிக்கவில்லை என்றால் ஏன் எடுத்துக்கொண்டு போனீர்கள்? பெருமைப்படுவதா, சண்டைக்கு வருவதா என்று தெரியாமல் வீடு வந்து சேர்ந்தேன்.

இராமேஸ்வரம் கடற்கரையில் நீங்கள் படம் பிடிப்பதாகக் கேள்விப்பட்டு, கேட்டே தீர்வது என்று ரயிலேறினேன். வேடிக்கை பார்க்கிற கூட்டத்தில் நின்றேன். கேமராவுக்குப் பக்கத்திலிருந்து என்னைப் பார்த்தீர்கள். பார்த்தீர்கள் என்றுதான் நினைக்கிறேன். மெதுவாகப் புறங்கையைத் தூக்கி நெற்றியைத் துடைத்தீர்கள். கூப்பிட்டீர்களா, மன்னிப்புக் கேட்டீர்களா, கேலி செய்தீர்களா? வெயிலும் சுள்ளென்று அடித்தது. வெறும் வியர்வையாகவும் இருக்கலாம். அடுத்த ரயிலில் திரும்பிவிட்டேன்.

இனிக் கேட்க ஆளில்லை. இந்தக் கை மட்டும் என்னோடு இருக்கிறது. இது என்னுடையதா, நீங்கள் ராணிக்குக் கொடுத்ததா என்பதுகூட இப்போது குழப்பம். அன்றைக்குப் பதிலுக்கு நானும் ஒரு தரம் துடைத்துக் காட்டியிருந்தால் எல்லாம் தெரிந்திருக்கும். நான் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன், அண்ணே.