மொத்தமா எம்புட்டு ஆகும்?

என் சகலைக்கு,

பக்கத்து மனையில் நேற்றுத் தளம் போட்டார்கள். இன்று காலை அதன்மேல் தண்ணீர் கட்டியிருக்கிறார்கள். ஈரச் சிமெண்டு வாசனை ஜன்னல் வழியாக வந்து, காபித் தம்ளரோடு உட்கார்ந்திருந்த என்னை எழுப்பி வெளியே கூட்டிப்போய்விட்டது. மனைக்காரப் பையனிடம் பேச்சுக் கொடுத்தேன். பேங்குக் கடன், மாசம் இவ்வளவுதான் வரும், சமாளித்துவிடலாம் என்று முகமெல்லாம் சிரிப்பாகச் சொன்னான். என் வாய் சும்மா இருக்குமா? "மொத்தமா எம்புட்டு ஆகும் தம்பி?" என்று கேட்டுவிட்டேன். "அதப் பாக்கலையேங்க" என்றான். கேட்டது நான்தான், ஆனால் அது உன் பேச்சு. நீ போய்ச் சேர்ந்து இவ்வளவு காலம் ஆன பிறகும் இப்படித்தான் என் வாய்க்குள் வந்து உட்கார்ந்துகொள்கிறாய். சரி, வந்தவனிடம் நாலு வார்த்தை பேசுவோம் என்று எழுத உட்கார்ந்துவிட்டேன்.

அக்காளை நீ கட்டினாய், அவர் எனக்கு மதினி; தங்கையை நான் கட்டினேன். சில மாதம் மூத்தவன் என்பதற்காக என்னிடம் 'வாங்க, போங்க' எதிர்பார்த்தாய். நான் ஒருநாளும் கொடுக்கவில்லை. நான் ஜீப்பு ஓட்டிக்கொண்டிருந்தேன். விடியுமுன் போடியில் ஆட்களை ஏற்றி, போடிமெட்டு தாண்டி ஏலக்காய்த் தோட்டங்களில் இறக்கிவிட்டு, சாயங்காலம் ஆட்களோடும் காய் மூட்டைகளோடும் இறங்குவேன். நீ அந்தத் தோட்டங்களில் ஒன்றில் சூப்பர்வைசர். பேர்தான் சூப்பர்வைசர், இருப்பு என்னவோ கூலியாட்களுக்கு வரிசையாகக் கட்டிவிட்ட லயத்தில் ஒற்றை அறைதான். மழைக்காலம் வந்துவிட்டால் சுவர் அழும், பாய் நனையும், உன் பிள்ளைகள் இரண்டும் மாறி மாறி இருமும்.

உன்னோடு டீக்கடைக்குப் போவது மாதிரி மானக்கேடு வேறு கிடையாது. வடையில் கை வைப்பதற்கு முன்னால் விலை கேட்பாய். "ஏய்யா, நேத்துத் தின்ன அதே வடைதானய்யா!" என்று நான் கத்துவேன். "நேத்து வெல நேத்தோட போச்சு. இன்னைக்கு வெலையச் சொல்லச் சொல்லு" என்பாய். கடைக்காரர் உன்னைப் பார்த்ததுமே விலையைச் சொல்லிவிட்டுத்தான் தட்டை நீட்டுவார்.

எழுபதுகளின் கடைசியில் காய் விலை ஏறியதே, அந்த வருஷங்களில் போடியில் எந்தக் கணக்கும் ரூபாயில் நடக்கவில்லை. பெண்ணுக்குச் சங்கிலி என்றால் இத்தனை கிலோ காய். மோட்டார் சைக்கிள் என்றால் இத்தனை மூட்டை. வீடு கட்டக் கடன் வாங்கியவர்கள் எல்லாரும், "ரெண்டு பறிப்புக் காயில அடைச்சிரலாம்ல" என்றுதான் பேசினார்கள். சொந்தமாக ஒரு ஏலச்செடிகூட இல்லாத நானும் அதையே பேசினேன். காய்க்கு விலை நின்றால் தோட்டத்துக்கு ஆள் போகும், ஆள் போனால் ஜீப்பு ஓடும், ஜீப்பு ஓடினால் தவணை தானாக நடக்கும் என்று நினைத்தேன். இந்த வருஷத்து விலையை இருபது வருஷத்துக்கும் இழுத்துப் போர்த்திக்கொள்கிற கிறுக்கு ஊருக்கே பிடித்திருந்தது.

என்னிடம் ஒரு மனை இருந்தது. கீழே நாங்கள், மாடியில் நீங்கள் என்று அக்காளும் தங்கையும் சேர்ந்து திட்டம் போட்டார்கள். மாடிக்கு எந்தப் பக்கம் ஜன்னல், அம்மிக்கல் எங்கே, முருங்கை எங்கே நடுவது என்பதுவரை முடிவாகிவிட்டது. "வாடகை கீடகைன்னு வாயத் தொறந்த, படியில இருந்து உருட்டி விட்ருவேன்" என்று உன்னிடம் நான் முன்கூட்டியே சொல்லிவைத்திருந்தேன். நீ சிரித்தாய். மதினி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

வீட்டுக் கடன் கொடுக்கிற ஒரு சங்கத்தில் மனையையும் கட்டப்போகிற வீட்டையும் அடமானமாக எழுதிக்கொடுத்து, இருபது வருஷத் தவணையில் பணம் வாங்குவதாகப் பேசி முடித்திருந்தேன். வருஷம் கூடினால் மாசத் தவணை குறையும் என்றார்கள். ஆகா, அப்படியென்றால் இருக்கிறதிலேயே நீளமானதைக் கொடுங்கள் என்று கேட்டவன் நான். கையெழுத்துப் போடுகிற அன்று துணைக்கு உன்னையும் கூட்டிப்போனேன். அங்கே போயும் நீ வடைக்கு விலை கேட்டாய்.

"ஐயா, மாசத்துக்கு எம்புட்டுன்னு சொல்லிட்டீக. இவரு கடைசித் தவணை கட்டி முடிக்கிற அன்னைக்கு மொத்தமா எம்புட்டு ஆகும்?"

செயலாளர் நல்ல மனுஷன். கண்ணாடியைக் கழற்றிவிட்டு உன்னைப் பார்த்தார். "எல்லாரும் மாசக் கணக்குதான் கேப்பாங்க" என்று சொல்லிக்கொண்டே ஒரு தாளில் பெருக்கி, எங்கள் பக்கம் திருப்பிவைத்தார். எட்டிப் பார்த்தேன். நான் வாங்கப்போகிற பணத்தைப்போல இரண்டரை மடங்குக்கு மேலே! அந்த மாதிரி வீடு இரண்டு கட்டி, மூன்றாவதைப் பாதி எழுப்புகிற காசு.

"தப்பாப் பெருக்கிட்டீங்களோ?" என்றேன்.

"இல்ல தம்பி. வருஷம் நீள நீள வட்டியும் நீளும்ல."

நீ விடவில்லை. "சரிங்கய்யா, மொத வருசம் பூராவும் ஒழுங்காக் கட்டிட்டாருன்னு வைங்க. கடன்ல எம்புட்டுக் கொறஞ்சிருக்கும்?" அவர் அதையும் போட்டுப் பார்த்தார். வருஷம் முழுக்கக் கட்டியதில் ஒரு மாசத்துத் தவணையும் கொஞ்சம் கொசுறும்தான் அசலில் கழியுமாம். மிச்சமெல்லாம் வட்டிக்கே போய்விடுமாம். நான் பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு வெளியே வந்தேன்.

வெளியே வந்து உன்மேல் பாய்ந்தேன். "நல்ல காரியத்துக்குக் கூட்டிட்டு வந்தா, வாயில மண்ண அள்ளிப் போடுறியேய்யா! அக்கா தங்கச்சி ரெண்டு பேருக்கும் நான் என்ன பதில் சொல்றது?"

"கேட்டுத்தானய்யா பாத்தேன். கேக்குறதுக்குக் காசா பணமா?" என்றாய். அடிக்கத்தான் தோன்றியது.

உன்னைத் தோட்டத்தில் விட மலை ஏறினோம். ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் கியரை நான் போட்ட போட்டில் ஜீப்பு அலறியது. போடிமெட்டில் பனி இறங்கியிருந்தது. டீ சொன்னேன். அன்றைக்கு நீ டீக்கு விலை கேட்கவில்லை. அப்போதுதான் உனக்கும் மனசு சரியில்லை என்று தெரிந்தது.

"சகலை" என்றாய். "உன் மக இப்பத்தான் தவழுறா. அவளுக்குக் கல்யாணம் முடிஞ்சு மறுவீடு போயிட்டு வர்ற வரைக்கும் நீ இந்தத் தவணைக்கு ஓடணும். அம்புட்டு வருசத்துக்குக் காய் வெல நிக்குமா? இந்த ஜீப்பு நிக்குமா? ஒன் இடுப்பு நிக்குமா? நடுவுல ஒண்ணு படுத்துச்சுன்னா, வீடு அவுகளுக்குப் போயிரும். அதுவரைக்கும் நீ கட்டுனதும் போயிரும்."

"அப்ப வீடே வேணாங்கிறியா?"

"யாருய்யா வேணாண்டா? கீழ மட்டும் கட்டு, சின்னதா. கொறைச்சு வாங்கு, வெரசா அடை. கம்பிய மேல நீட்டி விட்டுரு. காசு வந்தா மாடிய எழுப்பிக்கலாம்."

நான் டீயைக் கீழே ஊற்றிவிட்டு எழுந்துபோனேன். ஆனால் இறக்கம் முழுக்க அந்தத் தாளில் பார்த்த தொகைதான் கண்முன்னால் நின்றது. அடுத்த வாரம் போய், பேசிய கடனில் மூன்றில் ஒரு பங்கு மட்டும், ஏழு வருஷத்தில் அடைப்பதாக எழுதி வாங்கினேன். மாசத் தவணை மூன்றில் ஒன்றாகக் குறையவில்லை, பாதிக்குக் கொஞ்சம் மேலேயே நின்றது. அதுதான் எனக்கு ஆச்சரியம். கடன் மூன்றில் ஒன்றானபோதும் தவணை அந்த அளவு குறையாததற்குக் காரணம், இப்போது ஒவ்வொரு தவணையிலும் அசல் வேகமாகக் கரைந்ததுதான். சீசனில் கையில் காசு புரண்டால் கூடக் கட்டலாமா என்று கேட்கச் சொல்லியிருந்தாய், கேட்டேன். "அசலுக்குன்னு எழுதிக் கொடுத்துக் கட்டுங்க. சொல்லாமக் கட்டுனா அடுத்த மாசத் தவணையில வரவு வச்சிருவோம்" என்றார் செயலாளர். நல்ல வருஷங்கள் நடந்தவரைக்கும் அப்படியே எழுதிக்கொடுத்துக் கட்டினேன்.

வீட்டில் நடந்ததைச் சொல்லவேண்டுமா? "மச்சான் வாயில கொழுக்கட்டைய வச்சிருந்தா என்ன?" என்று என் வீட்டுக்காரி உன்னைத் திட்டித் தீர்த்தாள். கிரகப்பிரவேசத்துக்கு வந்த ஆட்கள் இரண்டு அறையையும் சமையற்கட்டையும் ஒரு எட்டில் சுற்றிப் பார்த்துவிட்டு, மேலே நீட்டிக்கொண்டிருந்த கம்பிகளை அண்ணாந்து பார்த்துச் சிரித்தார்கள். காக்கை உட்காரக் கட்டினாயா என்று கேட்டான் ஒருத்தன். மதினி அன்றைக்கு முழுக்க அடுப்படியை விட்டு வெளியே வரவில்லை. பந்தி முடிந்ததும் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு நீங்கள் லயத்துக்கு ஏறிவிட்டீர்கள்.

எண்பதுகளின் தொடக்கத்தில் மழை பொய்த்தது. மலை காய்ந்தது என்று நம் ஆயுசில் பார்த்தது அப்போதுதான். ஏலச்செடிகள் தட்டையோடு கருகின. தோட்டங்களில் ஆளைக் குறைத்தார்கள். ஜீப்பு பாதி நாள் வேப்பமரத்தடியிலேயே கிடந்தது. எங்கள் தெருவிலேயே இரண்டு மாடி வீடுகள் கைமாறின. அந்த வீட்டுக்காரர்கள் சாமான்களை வண்டியில் ஏற்றியபோது ஒத்தாசைக்குப் போய் நின்றேன். அவர்களில் ஒருவர், "நாலு வருசம் கட்டியிருக்கேன்ப்பா, கடன் அப்படியே நிக்குதுங்கிறாக" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். என் கடனில் அப்போது மிச்சம் இருந்தது கொஞ்சம்தான். கிடைத்த சவாரியில் அதை இழுத்துக் கட்டிவிட முடிந்தது.

உனக்கும் வேலை போனது. தட்டுமுட்டுச் சாமானோடு நால்வரும் இறங்கி வந்தீர்கள். வேறெங்கே போவீர்கள்? இரண்டு அறையில் இரண்டு குடும்பம். படுத்தால் ஒருத்தர் கால் இன்னொருத்தர் தலையில் இடிக்கும். நீ காய்கறி மண்டியில் கிடைத்த சோலியைப் பார்த்தாய். அக்காளும் தங்கையும் ஒரே அடுப்பில் சமைத்துக்கொண்டு, சண்டை போட்டுக்கொண்டு, சந்தோஷமாகத்தான் இருந்தார்கள்.

ஒருநாள் மத்தியானம் சோறு போட்டுக்கொண்டே மதினி சொன்னார்: "இந்த வீடாவது நம்மகிட்ட நிக்குதே தம்பி. அன்னைக்கு நீங்க கையெழுத்துப் போடப் போறதுக்கு முந்தின நாளு நான் இவுகளப் பிடிச்சுக் கெஞ்சினேன். 'நீங்க அங்க போயி ஒண்ணும் கேக்காதீக. தம்பி கட்டட்டும். நமக்கு மாடி கெடைக்கும், பிள்ளைகளுக்கு இருமல் நிக்கும்'னு. எல்லாத்துக்கும் தலைய ஆட்டிட்டுத்தான் போனாக. அங்க போயி இப்படிக் கேட்டுட்டு வந்தாக. மூணு மாசம் நான் இவுக மூஞ்சியப் பாத்துப் பேசல."

பிசைந்த சோற்றை அப்படியே வைத்துவிட்டேன். அந்தக் கேள்வியால் என் தலை தப்பியது என்று மட்டும்தான் அதுவரை நினைத்திருந்தேன். அதைக் கேட்டால் உன் மாடி போகும் என்று தெரிந்தே கேட்டிருக்கிறாய். கையைக் கழுவிவிட்டு மேலே ஏறினேன். மொட்டைமாடியில் கம்பிக்குக் கம்பி கொடி கட்டித் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாய்.

"ஏன்யா கேட்ட அன்னைக்கு?" என்றேன்.

எதைக் கேட்கிறேன் என்று உனக்கு உடனே புரிந்துவிட்டது. திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "குடியிருக்கப்போறது நான். கட்டப்போறது நீ. ஒன் முதுகுல ஏறி இருபது வருசம் ஒக்காந்திருக்கச் சொல்றியா?" என்றாய். அப்புறம், "அந்தச் சேலைய எடுத்துக் கொடு, வெயில் போயிரும்" என்றாய். நான் அழுததை நீ பார்த்தாயா என்று தெரியாது. சேலையை எடுத்துக் கொடுத்தேன்.

ஏழு வருஷம் ஆவதற்குச் சில மாதம் முன்னமேயே கடன் முடிந்தது. பத்திரம் கைக்கு வந்தபிறகும் மாசாமாசம் அதே தவணைப் பணத்தை எடுத்துவைத்தேன். கொஞ்சம் சேர்ந்தால் செங்கல், இன்னும் கொஞ்சம் சேர்ந்தால் சிமெண்டு. முதலில் ஒரு அறை, மறுவருஷம் அடுப்படி. ஒருத்தரிடமும் கை நீட்டாமல் மாடி எழும்பியது. நீ மாடி ஏறிய அன்று பிள்ளைகள் இரண்டும் உன் தோளுக்கு மேல் வளர்ந்திருந்தார்கள். பெரியவனுக்கு மட்டும் அந்த இருமல் கடைசிவரை முழுசாகப் போகவில்லை.

எனக்கு இந்த வீடு மிஞ்சியது, மகளுக்கு நல்லபடியாகக் கல்யாணம் நடந்தது, யாருக்கும் பயப்படாமல் தூங்கினேன். எல்லாம் உன்னால்தான். நான் கட்டாமல் தப்பித்த வட்டியை நீயும் மதினியும் பிள்ளைகளும் அந்த லயத்து ஈரத்தில் கிடந்து கட்டியிருக்கிறீர்கள். ஒருநாளும் அதைச் சொல்லிக்காட்டவில்லை நீ. சங்கத்துக் கடனை முன்கூட்டியே அடைக்கக் கற்றுக்கொண்ட எனக்கு, இந்தக் கடனை அடைக்க மனசே வரவில்லை சகலை. இது என்மேலேயே இருக்கட்டும்.