முதற்பிரதி யாருக்கும் இல்லை

என்ரை மச்சான் ஜெறோம்,

உனக்குத்தான் முதலில் சொல்ல வேண்டும்: எங்கள் இரண்டாவது அல்பம் வெளியே வந்துவிட்டது. நீ பாடி வைத்துவிட்டுப் போன பாட்டுகள். விலை போடவில்லை. இணையப் பக்கத்தில் விலை எழுதும் கட்டத்தை வெறுமையாக விட்டிருக்கிறேன். கேட்க வருகிறவர் தனக்குப் பட்டதை எழுதலாம். ஒன்றும் எழுதாமலும் எடுத்துக்கொண்டு போகலாம். நீ சொன்னபடியே. இனி யார் தலைகீழாக நின்றாலும் இது மாறாது.

இதனால் நான் திருந்திவிட்டேன் என்று நினைக்காதே. நீ நம்பியதுபோல எங்கள் சனத்தை நான் இன்றும் நம்பவில்லை. ஹொல்ம்லியாவில் உன் குடியிருப்பின் நிலவறையில், சைக்கிள்களுக்கும் பழைய மெத்தைகளுக்கும் நடுவில் நின்று பழகிய காலத்திலிருந்து பட்ட அவமானம் ஒன்றையும் நான் மறக்கவில்லை. குழுவுக்கு 'நிலவறை' என்று நீ பெயர் வைத்தபோது, "வெளிச்சத்துக்கு வாற எண்ணம் இல்லையோ?" என்று கேட்டவர்களின் முகங்கள்கூட நினைவில் இருக்கின்றன. நோர்வேஜியப் பத்திரிகைக்காரர் ஒருவர் வந்து கேட்டுவிட்டு, எங்கள் இசையில் மசாலா மணக்கிறது என்று எழுதினார். என் பேஸ் கிற்றாரில் எந்த மசாலாவை மணந்து பார்த்தாரோ? நீ படித்துவிட்டு வயிறு குலுங்கச் சிரித்தாய். நான் அந்தத் துண்டை வெட்டி வைத்திருக்கிறேன். கோபம் குறைந்துபோனால் எடுத்துப் படிப்பேன்.

ஆனால் எல்லாவற்றுக்கும் மேலே முதல் அல்பத்தின் வெளியீட்டு விழா. லில்லெஸ்ட்ரோமில் மண்டபம், குத்துவிளக்கு, பொன்னாடை, எல்லாம் முறைப்படி. ஸ்ட்ரோம்மனில் கடை வைத்திருக்கிற தமிழ் மன்றத் தலைவர் சிவபாலர் முதற்பிரதியை வாங்கினார். வீடியோக்காரர் தலையாட்டும்வரை காசு வைத்த உறையிலிருந்து கையை எடுக்கவில்லை. பிறகு சிறப்புப் பிரதி வாங்குகிறவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாக மைக்கில் வாசித்தார்கள். வாங்கியவர்கள் நேரே சாப்பாட்டு மேசைக்குப் போனார்கள். நாங்கள் வாசிக்கத் தொடங்கினோம். இரண்டாவது பாட்டின் நடுவில் சிவபாலர் கையில் கடித்த ரோல்ஸோடு ஒலிபெருக்கி மேசைக்கு வந்தார்.

"தம்பியவை, காணும், நிப்பாட்டுங்கோ. சனம் ஒருத்தரோடை ஒருத்தர் கதைக்க ஏலாமல் கிடக்கு."

சொல்லிவிட்டு ப்ளக்கைப் பிடுங்கினார். உன் குரல் மட்டும் கொஞ்ச நேரம் தனியாகப் போய், நின்றது. ஞாபகம் இருக்கிறதா? உனக்கு எங்கே இருக்கும். நீ மறக்கிறவன். மறக்காமல் இருக்கிற வேலையை என்னிடம் தந்துவிட்டவன்.

திரும்பி வரும் ரயிலில் நான் சிவபாலரின் ஏழு தலைமுறையையும் இழுத்துத் திட்டிக்கொண்டிருந்தேன். நீ யன்னலைப் பார்த்தபடி சொன்னாய்: "பின்வரிசையைப் பாத்தனியோ? பள்ளிக்கூடப் பிள்ளையள், வேலை உடுப்போடை வந்த அக்காமார். அவைதான் ஆடினவை. மேடை ஏறின ஆக்களிலை ஒருத்தரும் பாட்டுக் கேக்கேல்லை. கேட்ட ஆக்களிலை ஒருத்தரும் மேடை ஏறேல்லை."

"அவையும் வந்து வாங்கியிருக்கலாம்தானே?"

"உறைக்குள்ளை அம்பது குரோன் வைச்சுக்கொண்டு மேடை ஏற ஏலுமோடா? பேரை மைக்கிலை வாசிப்பாங்கள். அடுத்தமுறை விலையைக் கேக்கிறவை சொல்லட்டும். பேர் சொல்லாமல்."

"எங்கடை ஆக்களோ? ஒரு குரோன் போட்டிட்டு ஊர் முழுக்கக் குறை சொல்லுவாங்கள்."

"குறை சொல்லுறதுக்கெண்டாலும் கேக்கத்தானே வேணும்?"

நான் மறுபடி சிவபாலரைத் திட்டத் தொடங்கினேன்.

உன் உடம்புக்கு வந்த வருத்தம் தெரிய வந்த பிறகுதான் இந்தப் பாட்டுகளைப் பாடினாய். கடைசிப் பாட்டின் கடைசி வரிக்கு முன்னால் ஒரு இருமல். திரும்பப் பாடலாமா என்று எங்கள் டிரம்காரன் லார்ஸ் கேட்டான். "பிறகு பாப்பம்" என்றாய். அந்தப் பிறகு வரவில்லை.

நீ போய்க் கொஞ்ச நாளில் சிவபாலர் உன் வீட்டுக்கு வந்திருக்கிறார். அல்பத்தை மன்றமே வெளியிடும், உன் பெரிய படத்துக்கு மாலை போட்டு விழா வைக்கும், முதற்பிரதியைத் தானே வாங்குவார், சிறப்புப் பிரதிகளுக்குக் கடைக்காரர்களைப் பிடித்துத் தருவாராம். கேள்விப்பட்டதும் எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. இன்னொருமுறை உன்னை மேடையேற்றினால், மாலை விழும், பெயர்கள் வாசிக்கப்படும், ரோல்ஸ் முடியும். உன் பாட்டை யாரும் கேட்காமலேயே உன் கதை முடிந்துவிடும். அதை நடக்க விடுவதில்லை என்று அன்றே தீர்மானித்தேன்.

ஆனால் முடிவு சொல்ல வேண்டியவள் உன் றோசி. சண்டை பிடிக்கிற எண்ணத்தோடுதான் போனேன். அவள் கோப்பி வைத்துத் தந்துவிட்டு எதிரில் இருந்தாள்.

"குகன் அண்ணை, வேண்டாம் எண்டால் சனம் என்ன சொல்லும்? புருசனுக்கு ஒரு விழாக்கூட வைக்க விடேல்லை எண்டு கதைப்பினம். நான் அவையின்ரை முகத்திலைதானே முழிக்க வேணும்."

அவள் சொன்னது நியாயம். நான் நோர்வேஜியர்களோடு வேலை செய்து, அவர்களோடு கோபித்துக்கொண்டு, தனியே இருக்கிறவன். அவள் ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசைக்குப் போகிறவள். அதனால் வாதாடவில்லை. "ஒருக்கால் கேளும், பிறகு சொல்லும்" என்று ஹெட்போனைக் கொடுத்தேன். நீ போன பிறகு உன் குரலை அவள் கேட்கவே இல்லையாம். தலையில் மாட்டிக்கொண்டு யன்னல் பக்கம் திரும்பி இருந்தாள். முழு அல்பத்தையும் கேட்டாள். நான் ஆறிய கோப்பியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் அவள் தோள் ஒருமுறை குலுங்கியது. இருமல் வந்திருக்கிறது என்று தெரிந்துகொண்டேன்.

"இந்த இருமலை வெட்டப் போறியளோ?"

"லார்ஸ் வெட்டலாம் எண்டான்."

"வெட்டாதேங்கோ. மற்றதெல்லாம் பாட்டு. அது அவர்." மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்: "விழா வேண்டாம். அவர் சொன்னமாதிரியே விடுங்கோ. கதைக்கிறவை கதைக்கட்டும்."

சந்தோஷத்தில் எனக்கு வாய் கொஞ்சம் நீண்டுவிட்டது. "எல்லாருக்கும் விருப்பமான விலை. சிவபாலருக்கு மட்டும் நாங்கள் ஒரு விலை போடுவமோ?"

"அப்ப நீங்களும் மைக்கிலை பேர் வாசிக்கப் போறியள்" என்றாள்.

உன்னோடு இத்தனை காலம் வாழ்ந்தவள்தானே.

அடுத்த சனிக்கிழமை ஸ்ட்ரோம்மனுக்குப் போய், கடையில் வைத்தே சிவபாலரிடம் சொன்னேன். மரக்கறிப் பெட்டியில் முருங்கைக்காய் அடுக்கிக்கொண்டிருந்தார்.

"அப்ப முதற்பிரதி ஆருக்கு?"

"ஆருக்கும் இல்லை அண்ணை."

"முதற்பிரதி இல்லாத வெளியீடோ? தாலி இல்லாத கலியாணம் மாதிரியெல்லோ கிடக்கு! படிச்ச நீயே இப்பிடி நிண்டால்? சனம் சும்மா அள்ளிக்கொண்டு போகும் தம்பி."

"அள்ளட்டும்" என்றேன். நீ சொல்லியிருக்க வேண்டிய சொல் என் வாயிலிருந்து வந்தது. முருங்கைக்காய் வாங்காமலே திரும்பினேன்.

லார்ஸ் தன் தொலைபேசி இலக்கத்தைக் கொடுத்து அதற்குக் காசு அனுப்பச் சொல்வோம் என்றான். இங்கே எல்லாரும் அப்படித்தானே செய்கிறார்கள். அதில் அனுப்புகிறவரின் பெயர் வரும் என்பதால் மறுத்துவிட்டேன். யார் எவ்வளவு போட்டார்கள் என்று எனக்கே தெரியாதபடி பக்கத்தைச் செய்வித்தேன். வருவது றோசியின் கணக்குக்கு நேரே போகிறது. பலர் ஒன்றும் போடாமல் எடுத்துப் போயிருக்கிறார்கள் என்று மட்டும் தெரிகிறது. நான் சொன்னேன்தானே? சிலர் நாங்கள் கனவிலும் கேட்டிராத தொகை போட்டிருக்கிறார்கள் என்றாள் றோசி. அதையும் நீ சொன்னாய்தானே? யாரென்று தெரியாது. திட்டவும் முடியாது, நன்றி சொல்லவும் முடியாது. என்னைப் போன்றவனுக்கு இது எவ்வளவு பெரிய தண்டனை, மச்சான்!

நேற்று வேலை முடிந்து ரயிலில் வரும்போது சிவபாலர் அழைத்தார்.

"தம்பி, நானும் போட்டனான். வந்ததோ?"

"தெரியாது அண்ணை. பேர் வாறதில்லை."

"எவ்வளவு எண்டும் தெரியாதோ?"

"தெரியாது."

"அப்ப நான் குடுத்தது ஆருக்குத்தான் தெரியும்?"

"உங்களுக்குத் தெரியும்தானே."

இந்தப் பதிலைச் சொல்ல நான் எத்தனை வருடம் காத்திருந்தேன் என்று உனக்குத் தெரியும். வைத்துவிட்டாராக்கும் என்று நினைத்தேன். பிறகு, கடைச் சத்தத்துக்குள் குரலைத் தாழ்த்திக் கேட்டார்:

"கடைசிப் பாட்டிலை... முடியப்போற இடத்திலை ஜெறோம் இருமுறான் போலை கிடக்கு. அது அவன்தானே?"

ஓம் என்றேன். அவர் வைத்துவிட்டார்.

கடைசிப் பாட்டு, ஜெறோம். அதன் கடைசி வரி. ப்ளக்கைப் பிடுங்கிய மனிதர் அதுவரை கேட்டிருக்கிறார். எவ்வளவு போட்டிருப்பார்? ஒன்றும் போடாமலே போட்டேன் என்கிறாரோ? நேற்றிலிருந்து இந்தக் கேள்வி என்னைக் குடைகிறது. லார்ஸிடம் சொன்னால் எப்படியாவது தோண்டிப் பார்த்துச் சொல்வான்.

சொல்லமாட்டேன். சிவபாலரை நான் மன்னிக்கவில்லை. அந்த ரோல்ஸையும் அந்தக் கையையும் சாகும்வரை மறக்கமாட்டேன். ஆனால் அவர் போட்டது எவ்வளவு என்று ஒருநாளும் பார்க்கமாட்டேன். அவருடையதை மட்டுமல்ல, யாருடையதையும். நிலவறையின் எந்தப் பாட்டுக்கும் இனி எந்த மைக்கிலும் ஒரு பெயரும் வாசிக்கப்படாது. நான் இருக்கும்வரை இது உனக்கு நான் தருகிற வாக்கு. எனக்குப் பிறகும் நிற்கும்படி செய்துவிட்டுத்தான் உன்னிடம் வருவேன்.

ஒரே அம்பிளிபயரில் இரண்டு கிற்றாரைச் செருகியதால் உறவான
உன் மச்சான்,
குகன்