ஆன்ட்டி என்றே கூப்பிடச் சொன்னீர்கள்

இன்று காலை தேங்காய்ப்பால் சொதி திரிந்துவிட்டது. பால் விட்டதும் அடுப்பை அணைக்காமல் போனில் பேசிக்கொண்டு நின்றேன். சட்டியைப் பார்த்ததும் உங்கள் அஸ்தினாபுரம் வீடுதான் ஞாபகம் வந்தது, ஆன்ட்டி. உங்கள் சொதி ஒருநாள்கூடத் திரியாமல் வந்ததில்லை. "உங்கம்மா கை ருசி உனக்கு மறந்துடக் கூடாது" என்று ஞாயிறுதோறும் விடாப்பிடியாக வைப்பீர்கள். அங்கிள் பாவம், குறை சொல்லாமல் சாப்பிடுவார்.

ஏழு வயதில் அகதி முகாமிலிருந்து என்னைப் படிக்கவைக்கக் கூட்டிவந்தீர்கள். அம்மாவும் தம்பியும் அங்கேயே இருந்தார்கள். மாதாமாதம் முகாமில் ஆள் கணக்கெடுப்பு நடக்கும். ஆள் இல்லாவிட்டால் பேரை வெட்டிவிடுவார்கள். அதனால் குரோம்பேட்டையில் ரயில் ஏறி, பஸ் மாறி, என்னைக் கொண்டுபோய் அந்த வரிசையில் அம்மா பக்கத்தில் நிறுத்துவீர்கள்.

ஒருமுறை வரிசையில் நின்றபடி, தண்ணீர் வேண்டும் என்று உங்களைப் பார்த்து "அம்மா" என்று கூப்பிட்டுவிட்டேன். நீங்கள் இருவருமே திரும்பினீர்கள். பிறகு அம்மா தலையைக் குனிந்துகொண்டாள்.

திரும்பும்போது ரயிலில், "ஆன்ட்டின்னு கூப்பிடு. அம்மான்னா அவங்க ஒருத்தர்தான்" என்றீர்கள். பல்லாவரம் தாண்டும்வரை அழுதேன்.

அன்றிலிருந்து உங்கள்மேல் எனக்குக் கோபம்தான். சோறு ஊட்டுவீர்களாம், தலை வாரிவிடுவீர்களாம், ஸ்கூல் மீட்டிங்குக்கு லீவு போட்டு வருவீர்களாம், அம்மா என்று மட்டும் கூப்பிடக் கூடாதாம். இது என்ன நியாயம்? என் கல்யாணப் பத்திரிகையில்கூட உங்கள் பேரைப் போட விடவில்லை. கல்நெஞ்சுக்காரி என்று மனதுக்குள் திட்டியிருக்கிறேன்.

போன மாதம் உங்களைக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தோம். அங்கிள் முதல் பிடி மண் போட்டார். புதிதாக வந்த பாஸ்டர் விவரம் தெரியாமல், "பிள்ளைங்க யாராவது வாங்க" என்றார். உங்களுக்குப் பிள்ளை இல்லை என்பது அங்கே மற்ற எல்லோருக்கும் தெரியும். யாரும் அசையவில்லை. நானும் உங்கள் சொந்தக்காரர்களுக்குப் பின்னால் ஒதுங்கி நின்றேன்.

என்னோடு வந்திருந்த அம்மாதான் என் முதுகில் கை வைத்துத் தள்ளினாள். "போ பிள்ளை. உன்ர அம்மாவுக்கு நீதானே மண் போட வேணும்."

போட்டேன். எல்லோர் காதிலும் விழும்படி "அம்மா" என்று கூப்பிட்டேன். திருத்துவதற்கு நீங்கள் இல்லை.

நேற்று பக்கத்து வீட்டுக்கு வந்திருக்கும் புதுப்பெண், "உங்களுக்கு அம்மா இருக்காங்களா?" என்று கேட்டாள்.

"ஒருத்தர் இருக்காங்க. ஒருத்தர் போன மாசம் தவறிட்டாங்க" என்றேன்.