ஊற்றோரம் இரண்டு குடம்

786

புதுப்பட்டினம்,
10-6-77

துபாயில் இருக்கும் அன்பு மச்சானுக்கு ஷரீபுன்னிசா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். பிள்ளைகள் இரண்டும் சுகம். நானும் சுகம் என்று எழுதத்தான் கை வரவில்லை.

இம்மாதம் 24, வெள்ளிக்கிழமை, செங்கல்பட்டு கோர்ட்டில் நான் நிற்க வேண்டும். நில வழக்குக்காக அல்ல, அது பாட்டுக்கு நடக்கிறது. இது நான் கோர்ட்டை அவமதித்தேன் என்று உங்கள் அண்ணன் போட்ட மனு. தப்பு உறுதியானால் சிறை என்கிறார் நம் வக்கீல் காசிநாதன். பதறாமல் முழுதும் படியுங்கள்.

கல்பாக்கத்து உத்தியோகஸ்தர்கள் மனை கேட்க ஆரம்பித்ததிலிருந்து, மாமா விட்டுப்போன சவுக்குத் தோப்பு உங்கள் அண்ணன் கண்ணை உறுத்துகிறது. முழுதும் தன்னுடையது என்று வழக்குப் போட்டார். தீர்ப்பு வரும்வரை இரு தரப்பும் நிலத்தில் கை வைக்கக் கூடாது, இருந்தது இருந்தபடி இருக்க வேண்டும் என்று உத்தரவானது. நல்ல உத்தரவுதான். ஆனால் கடற்கரை மணலுக்கு யார் சம்மன் கொடுப்பது? தோப்பு ஊற்று உங்களுக்குத் தெரியாததா? வருஷா வருஷம் காற்றில் தூர்ந்துபோகும், வருஷா வருஷம் தோண்டுவோம். தோண்டினால்தான் அது இருந்தபடி இருக்கும். இந்த வருஷமும் தூர்ந்தது. வீட்டுக் கிணறுகள் எல்லாம் உப்பு. உத்தரவுக்குப் பயந்து நானும் பொறுத்துக்கொண்டுதான் கிடந்தேன்.

அப்போதுதான் சம்சாத் அக்கா கொல்லைப்பக்கமாக வந்தார். உங்கள் அண்ணியாயிற்றே, வழக்குக்குப் பிறகு எனக்கும் அவருக்கும் பேச்சே இல்லை. என்னோடு பேசினால் ஒரேயடியாகக் கடப்பாக்கத்துத் தாய்வீட்டுக்குப் போய்விடு என்று அண்ணன் சொல்லி வைத்திருக்கிறார். அப்படியும் வந்து நின்று, "கொயந்தைக்கு ஜொரம் ஷரீபு. உப்புத் தண்ணிய வாயில வெச்சா துப்புது. நான் இன்னா பண்ணுவேன்?" என்று அழுதார். தண்ணீர் கேட்டு வந்தவளிடம் கோர்ட் உத்தரவைப் படித்துக் காட்டுவேனா? இருவருமாகப் போய்த் தோண்டினோம்.

குடம் நிறையும் நேரத்தில் ஆள் சத்தம். உங்கள் அண்ணன் ஸ்டூடியோக்காரரைக் கூட்டிக்கொண்டு தோப்பைப் படமெடுக்க வருகிறார். அக்கா குடத்தைப் போட்டது போட்டபடி தாழம்புதருக்குப் பின்னால் ஓடி ஒளிந்துகொண்டார். நான் மண்வெட்டியும் கையுமாக அகப்பட்டேன்.

அந்தப் படம்தான் மனுவில் சாட்சி. வக்கீல் காட்டினார். நான், புது மணல்மேடு, பக்கத்தில் இரண்டு குடம். ஒன்று கழுத்து நசுங்கியது, அக்காவின் சீர்க்குடம். தன் வீட்டுக் குடத்தைத் தானே படமெடுத்துக் கோர்ட்டில் கொடுத்திருக்கிறார் மனுஷர்! ஒரு நாளாவது தண்ணீர் சுமந்திருந்தால் அல்லவா அடையாளம் தெரியும்? எனக்குச் சிரிப்பு வந்தது, பின்னாலேயே அழுகையும் வந்தது.

வக்கீல் கெட்டிக்காரர். "இன்னாம்மா, ஒருத்திக்கு எதுக்கு ரெண்டு குடம்? கூட யாரு?" என்று பிடித்துக்கொண்டார். சொல்லிவிட்டேன். மனு போட்டவர் பெண்டாட்டியே கூடத் தோண்டியிருக்கிறாள், அதைச் சொன்னால் மனு நிற்காது என்று குதித்தார். மாட்டேன் என்றேன். நான் தப்பிவிடுவேன். அக்கா அன்றைக்கே பிள்ளைகளை விட்டுவிட்டுக் கடப்பாக்கம் பஸ் ஏற வேண்டியதுதான். நான் தோண்டினேன், மன்னியுங்கள் என்று மட்டும் சொல்லப்போகிறேன். உள்ளே போட்டால் நம் பிள்ளைகளை என் அம்மா பார்த்துக்கொள்வார்.

எனக்குக் கோபமில்லை என்று நினைக்காதீர்கள். உங்கள் அண்ணனை நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது. ஆனாலும் நீங்கள் அவருக்கு ஒரு வரி எழுதக் கூடாது. எழுதினால் எல்லாம் கெட்டுவிடும். குழந்தைக்கு ஜுரம் விட்டுவிட்டது. வேலிக்கு அந்தப்பக்கம் அது விளையாடும் சத்தம் இப்போதும் கேட்கிறது.

சிறையைவிட எனக்கு வேறொரு பயம் இருக்கிறது. அல்லாஹ் பேரால் சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொல்ல என்னால் ஆகாது. வக்கீல் கண்ணில் பட்டது ஜட்ஜ் கண்ணில் படாமல் போகுமா?

24ஆம் தேதி விடியற்காலை சுபுஹு தொழுகையில் எனக்காகத் துஆ கேளுங்கள், மச்சான். என்னை விட்டுவிட வேண்டும் என்று கேட்க வேண்டாம். அந்த இன்னொரு குடம் யாருடையது என்று என்னை யாரும் கேட்டுவிடக் கூடாது என்று கேளுங்கள்.

உங்கள்
ஷரீபுன்னிசா