அது போன் இல்லைதான்

நிக்கோல்,

சிலுவைப் பாதைக்குக் கோயிலுக்குப் போகிறேன். சாம்பாரும் முட்டைப் பொரியலும் அடுப்பின் மேல் இருக்கின்றன, சூடு பண்ணிச் சாப்பிடு. பிளம்பர் வந்தால் மம்மி டியூட்டி முடிந்து வரும்வரை இருக்கச் சொல்.

தவக்காலம், ஈஸ்டர் வரை இந்த வீட்டில் யாரும் போனில் கேம் ஆடக்கூடாது என்று சட்டம் போட்டது நான். நீ அழ அழ உன் போனிலிருந்து அந்தக் கேமை அழித்ததும் நான். அழிப்பதற்கு முன் அதன் ஃபைல்களை எடுத்துவைத்து, இன்டர்நெட்டில் யாரோ சொல்லியிருந்தபடி, அலமாரியில் கிடந்த என் பழைய கேம் மெஷினில் ஏற்றிக்கொண்டேன். கையில் பிடித்து ஆடுவதுதான், ஆனால் அது போன் இல்லையே என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

நேற்று மொட்டை மாடியில், காயப்போட்ட பெட்ஷீட்டுக்குப் பின்னால் நின்று நான் ஆடியதை நீ பார்த்துவிட்டாய். கோபம் வந்தால் நீ கன்னடத்தில் பேச ஆரம்பித்துவிடுவாய். நேற்று தமிழிலேயே, "பரவால்ல டாடி" என்றாய். அதிலிருந்து உன் முகத்தைப் பார்க்க முடியவில்லை. இன்று கோயிலில் சிலுவைப் பாதை ஜெபங்களை வாசிக்க வேண்டியதும் நான்தான்.

மெஷினை உன் மேஜை டிராயரில் வைத்திருக்கிறேன். உன்னிடமே இருக்கட்டும்.

டாடி

மம்மியிடம் இன்று நானே சொல்லிவிடுகிறேன்.

இன்னொன்றும் இருக்கிறது. நீ விட்ட இடத்திலிருந்துதான் ஆடினேன். கேமில் மூன்று வாரமாக நீ தாண்ட முடியாமல் நின்ற அந்தப் பாலத்தை, உன் பெயரிலேயே நான் தாண்டிவிட்டேன். அதை எப்படித் திருப்பித் தருவது என்று தெரியவில்லை.