ஏழாம் பாத்தி சுத்தம்

ஜூன் 3, செவ்வாய்

தேமல் நோய் தாக்காத என் மரவள்ளி ரகத்துக்கு அனுமதி கிடைத்துவிட்டது. ஜூலை பதினெட்டு வெளியீடு, அன்றிலிருந்து விவசாயிகளுக்கு நடவுக் குச்சி கொடுக்கலாம். அந்த நோய்க்காக இருபத்தாறு வருடம் இலையைப் புரட்டிக்கொண்டிருந்தவளை ஒரு நாள் நிம்மதியாக இருக்க விடலாம் அல்லவா? விடமாட்டான். கூட்டம் முடியப்போகும் நேரத்தில் முந்திரிக்கொட்டை கையைத் தூக்கினான். ஆய்வகத்துக்கு வந்து நாலு வருடம்தான் ஆகிறது, அதற்குள் எல்லாவற்றிலும் மூக்கை நுழைக்க வேண்டும் அவனுக்கு.

"மேடம், முதல் வருஷம் நட்ட புதுசுல மட்டும்தான் இலையை டெஸ்ட்டுக்கு அனுப்பியிருக்கீங்க. அதுக்கப்புறம் எல்லாமே கண்ணால பார்த்துப் போட்ட மார்க். உள்ள வைரஸ் இருந்தா?"

ஒன்று என்றால் நோய் இல்லை. ஐந்து என்றால் செடி ஒழிந்தது. என் ரகம் நிற்கும் ஏழாம் பாத்திக்கு மூன்று வருடமும் ஒன்று. நோயைப் பரப்புவதற்கென்றே பக்கத்தில் நட்ட வரிசைக்கு ஐந்து. நோயைச் சுமக்கும் வெள்ளை ஈ அங்கிருந்து இங்கே தாராளமாகப் பறந்து வருகிறது, என் செடியில் ஒரு சுருக்கம் கிடையாது. வேறென்ன அத்தாட்சி வேண்டுமாம்?

"என் கண்ணு போதும்" என்றேன். இயக்குநர் எனக்கும் தலையாட்டினார், அவனுக்கும் தலையாட்டினார். தலையாட்டி என்று சும்மாவா பெயர் வைத்தேன்.

ஜூன் 5

கேன்டீனில் முந்திரிக்கொட்டை வணக்கம் சொன்னான். காதில் விழாத மாதிரி இருந்துவிட்டேன்.

ஜூன் 11, புதன்

தம்பி போன். பிப்ரவரியில் அவனுக்கு மட்டும் முன்கூட்டியே குச்சி கொடுத்திருந்தேன். விதிப்படி தப்புதான், கூடப்பிறந்தவனுக்குச் செய்யாமல் யாருக்குச் செய்வேன்? குத்தகை நிலம் இரண்டு ஏக்கரிலும் அதையே நட்டிருக்கிறான்.

"அக்கா, இலையெல்லாம் சுருங்குது. மஞ்சள் மஞ்சளா திட்டு வருது."

"தண்ணி ஒழுங்கா விட்டியா?"

"விட்டேனே."

"எங்கேயாவது கண்டதையும் வாங்கிக் கலந்து நட்டிருப்ப."

"நீ குடுத்ததைத் தவிர ஒரு குச்சி நடலைக்கா."

கத்திவிட்டேன். சின்ன வயதிலிருந்து ஒரு காரியமாவது உருப்படியாகச் செய்திருக்கிறாயா, இப்போது என் செடி மேல் பழி போடுகிறாயா என்றெல்லாம் கேட்டேன். "சரிக்கா" என்று வைத்துவிட்டான். எதிர்த்து இரண்டு வார்த்தை பேசியிருந்தால் தேவலை.

ஜூன் 19, வியாழன்

முந்திரிக்கொட்டை என் அறைக்கே வந்து ஒரு தாளை மேசையில் வைத்தான். ஏழாம் பாத்தியில் பத்துச் செடியில் இலை எடுத்து டெஸ்ட் பண்ணியிருக்கிறான். ஒன்பதில் வைரஸாம்.

"யாரைக் கேட்டு என் பாத்தியில கால் வச்ச?"

"டைரக்டர் சாரைக் கேட்டேன் மேடம்."

"அவர் எதுக்குத்தான் தலையாட்ட மாட்டார்!"

"கோவப்படாதீங்க மேடம். நீங்களே ஒரு தடவை டெஸ்ட் பண்ணி..."

"வெளியே போ."

போனான். கதவை மெதுவாகச் சாத்திவிட்டுப் போனான், அதுவும் எரிச்சலாக இருந்தது.

இப்போது எல்லாம் புரிகிறது. ஆய்வகத்தில் வெள்ளை ஈ வளர்க்கும் கூண்டுகள் யார் பொறுப்பு? அவன் பொறுப்பு. நோய் ஏற்றிய ஈயை என் பாத்தியில் கொண்டுவந்து விட்டிருக்கிறான். ஓய்வு பெற ஏழு மாதம் இருக்கிற கிழவிக்கு ஒரு பேர் கிடைத்துவிடக் கூடாது. அதுதானே?

அப்படியானால் தம்பி வயல்? அவன் தண்ணீர் விட்டிருக்க மாட்டான். அவ்வளவுதான்.

முந்திரிக்கொட்டையைக் கையும் களவுமாகப் பிடிக்காமல் விடப்போவதில்லை.

ஜூன் 24, செவ்வாய்

காலை ஆறு மணிக்கே போய்ப் பம்புசெட் அறைக்குப் பின்னால் ஒளிந்து நின்றேன். ஐம்பத்தொன்பது வயதில் இது வேறு. ஏழாம் பாத்தியில் யாரோ குனிந்திருப்பது தெரிந்தது. அகப்பட்டான் என்று ஓடினேன்.

அவன் இல்லை. களை எடுக்கிற அம்மா. இடுப்பில் சாக்குப்பை. பை நிறைய இலை. சுருங்கிப்போன, மஞ்சள் திட்டு விழுந்த இலை.

"என்ன பண்றே?"

"சுத்தம் பண்றேம்மா."

"என்னத்தைச் சுத்தம்?"

"கெட்ட இலையைத்தான். நீங்க மார்க் போட வர்ற வாரமெல்லாம் காலையில வந்து பறிச்சிருவேன். மூணு வருஷமா பண்றேனே. இப்ப விழாவுக்கு ஆளுங்க வர்றாங்கன்னு முன்னாடியே ஆரம்பிச்சுட்டேன்."

"யார் சொன்னா உனக்கு?"

என்னை ஒரு மாதிரி பார்த்தார். "நீங்கதாம்மா. 'ஏழாம் பாத்தி சுத்தமா இருக்கணும், ஒரு குறை கண்ணுல பட்டுது, நாளையிலேருந்து வேலைக்கு வராதே'ன்னு எல்லார் முன்னாலயும் கத்தினீங்களே."

பக்கத்து வரிசையில் ஏன் பறிக்கவில்லை என்று கேட்டேன்.

"அங்க 'நோய்ச்செடி, தொடக்கூடாது'ன்னு போர்டு வச்சிருக்கீங்களே. தொடுவேனா?"

ஜூன் 25

சுத்தம். ஆய்வகத்தில் அதற்கு வைரஸ் இல்லை என்று பொருள். வெளியே எல்லோருக்கும் குப்பை இல்லை என்று பொருள். நான் சொன்னது களையைத்தான். களையைக் கொத்து என்று சொல்வதற்கு என்ன கேடு எனக்கு?

நேற்று முழுக்க அந்த அம்மாவை மனதுக்குள் திட்டித் தீர்த்தேன். இன்று போய்ப் பார்த்தால் ஒவ்வொரு தண்டிலும் வடு. தானாக உதிர்ந்த இலையின் வடு வேறு, கையால் பறித்த வடு வேறு, முதல் வருஷ மாணவனுக்குக்கூடத் தெரியும். என் கண்ணு போதும்னு சொன்னியே, என்னத்தைடி பார்த்தே? ஒரு தடவையாவது குனிஞ்சியா? நின்ன வாக்கில ஒண்ணு, ஒண்ணு, ஒண்ணுன்னு எழுதிட்டுப் போனே.

ஜூன் 27, வெள்ளி

தலையாட்டியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். முதல் முறையாக அந்தத் தலை ஆடவில்லை.

"அழைப்பிதழ் போயாச்சு. காதும் காதும் வச்ச மாதிரி முடிச்சிடலாம் மேடம். நாளைக்கு நோய் வந்தா, விவசாயி சரியா பராமரிக்கலைன்னு சொல்லிக்கலாம். வழக்கமா சொல்றதுதானே."

தம்பியிடம் நான் சொன்னது. அப்படியே.

ஆனாலும் பத்து நிமிடம் யோசித்தேன். அதையும் எழுதி வைக்கிறேன். இந்தச் செடியை விட்டால் என் பேர் சொல்ல வேறொன்றும் இல்லை.

"வேண்டாம் சார்."

"அப்ப அந்தப் பொம்பளையை நிறுத்திடலாம். காரணம் சொன்ன மாதிரியும் ஆச்சு."

"அவங்க மேல கை வச்சீங்க, நடக்கிறதே வேற." அவர் மேசையிலேயே உட்கார்ந்து, அவர் பேனாவையே வாங்கி எழுதினேன். வெளியீடு வேண்டாம், தவறு என்னுடையது, தம்பிக்குக் குச்சி கொடுத்தது உட்பட.

ஜூன் 28

தம்பிக்குப் போன் செய்தேன். எல்லாவற்றையும் பிடுங்கி எரித்துவிடு, யாருக்கும் ஒரு குச்சி கொடுக்காதே என்றேன்.

"அன்னைக்கே சொன்னேனேக்கா."

சொன்னான்.

ஜூலை 9

பிடுங்கி எரித்தாயிற்றாம். தம்பி மனைவி சொன்னாள். அவன் என் போனை எடுப்பதில்லை.

ஜூலை 18, வெள்ளி

வெளியீடு இல்லை. ஏழாம் பாத்தியை இனி நோய் பரப்பும் வரிசையாக வைத்துக்கொள்ளலாமா என்று முந்திரிக்கொட்டை கேட்டிருந்தான். வேறு எதற்கு ஆகும், வைத்துக்கொள் என்றேன். காலையில் இரண்டு பேரும் மார்க் போடப் போனோம். மூன்று வாரமாக யாரும் இலை பறிக்கவில்லை. முதல் செடியில் குனிந்தேன். நான் வாயைத் திறப்பதற்குள் "நாலு மேடம்" என்றான். முந்திரிக்கொட்டை முந்திரிக்கொட்டைதான்.

"நல்லா குனிஞ்சு பாரு. அஞ்சு."

பார்த்தான். ஐந்து என்று எழுதிக்கொண்டான்.

பலகையை நானே எழுதி எடுத்துப் போயிருந்தேன். களை எடுக்கிற அம்மா குழி தோண்டி நட்டார். பின்னால் நகர்ந்து நின்று எழுத்துக்கூட்டிப் படித்தார். "நோய்ச்செடி. தொடக்கூடாது." திரும்ப வந்து, அடிமண்ணைக் காலால் மிதித்து இறுக்கிக்கொண்டே சொன்னார்:

"இதை அப்பவே வச்சிருந்தா நான் தொட்டிருக்கவே மாட்டேனேம்மா."