முப்பதுக்கு இருபத்தொன்பது

ஜனவரி 9

அன்புள்ள அண்ணா,

போனில் பேசினால் சண்டையில்தான் முடிகிறது, அதனால் எழுதுகிறேன். அம்மாவின் ஞாபகச் சோதனை அறிக்கை கிடைத்தது. முப்பதுக்கு இருபத்தாறு, 'நார்மல்' என்று டாக்டர் எழுதியிருக்கிறார். மொத்த மார்க்கை மட்டும் பார்க்காதே. ஐந்து வார்த்தை சொல்லி, சற்று நேரம் கழித்துக் கேட்டதில் இரண்டுதான் வந்திருக்கிறது. குறிப்புக் கொடுத்தும் மற்ற மூன்றும் வரவில்லை. அவை மனசில் பதியவே இல்லை என்று அர்த்தம். வேறு யாருக்காவது இருபத்தாறு போதும். முப்பது வருஷம் கணக்கு டீச்சராக இருந்தவளுக்குப் போதாது. ஆறு மாதத்தில் வேறு வார்த்தைகளை வைத்து மறுபடி சோதிக்கச் சொல்.

வேளாவேளைக்குச் சாப்பிடு.

உன் தங்கை


ஜனவரி 24

அன்புத் தங்கைக்கு,

நலமா என்று கேட்கத்தான் உட்கார்ந்தேன், எரிச்சல் முந்திக்கொள்கிறது. நல்ல மார்க் வாங்கினாலும் குற்றமா? ஆஸ்பத்திரியில் தினமும் இந்தச் சோதனைகளையே நடத்தி நடத்தி, உனக்குப் பெற்ற தாயும் நோயாளியாகத் தெரிகிறாள். கேட்டதையே இரண்டு தரம் கேட்கிறாள், சரி. என் பைக் சாவி எங்கே என்று எனக்கும்தான் தெரிவதில்லை. அவள் வீட்டில் எடுக்கும் மாலை வகுப்புக்குப் பிள்ளைகள் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள். பக்கத்தில் இருந்து பார்ப்பவன் நான்.

அண்ணன்


ஜூலை 12

தங்கைக்கு,

நீ சொன்னபடியே மறுசோதனை முடிந்தது. முப்பதுக்கு இருபத்தொன்பது! ஐந்து வார்த்தையையும் மூச்சுவிடாமல் சொன்னாள். டாக்டரே அசந்துபோனார். இனியாவது அவளை நிம்மதியாக விடு.

அண்ணன்


ஜூலை 30

அண்ணா,

அதே ஐந்து வார்த்தைகள்தானே? அதே வரிசையில்தானே? வேறு வார்த்தைகள் என்று எழுதியிருந்தேனே! தெரிந்த கேள்வித்தாளில் வாங்கிய மார்க்கை வைத்து நான் என்ன சொல்வது? சந்தோஷப்பட எனக்கும் ஆசைதான். முடியவில்லை.

தங்கை


ஆகஸ்ட் 18

அன்புத் தங்கைக்கு,

உன் கடிதத்தைக் கிழித்துப் போட்டேன். நேற்று அம்மாவின் பையில் மருந்துச் சீட்டைத் தேடும்போது ஒரு நோட்டு அகப்பட்டது. பக்கத்துக்குப் பக்கம் அந்த ஐந்து வார்த்தைகள். பழைய அறிக்கையைப் பார்த்து, தேதி போட்டு, ஆறு மாதமாக எழுதியிருக்கிறாள். சில தேதிகள் மூன்று பக்கங்களில் இருக்கின்றன. காலையில் எழுதியது மதியம் நினைவில்லை.

"என்னம்மா இது?" என்றேன்.

"பரீட்சைன்னா படிக்க வேணாமாடா?" என்றாள். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டாள். "தங்கச்சிகிட்ட சொல்லிடாதே. அவ கேள்விய மாத்திடுவா."

சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்துவிட்டுத்தான் இதை எழுதுகிறேன். கிளம்பி வா.

அண்ணன்